ஒரு பக்கம் முழுக்க ஒரே பாட்டு

முதலில் அதிர்வது அலமாரியின் கண்ணாடிதான். பாட்டு காதுக்கு எட்டுவதற்கு முன்பே ஆர்கனின் அடிச்சுரம் மரப்பலகை வழியாக இறங்கி, பீங்கான் கோப்பைகளும் மாதா சுரூபமும் வைத்திருந்த அந்த அலமாரியின் தளர்ந்த கண்ணாடியை முனக வைக்கும். டேப் ரெக்கார்டர் அதன் உச்சியில்தான் இருந்தது. அந்த முனகல் கேட்டதும் எனக்கு உள்ளங்கை வேர்த்துவிடும். பத்து வயதில் தொடங்கிய வேர்வை அது. இன்று நான் ஐம்பதைத் தாண்டிய பல் மருத்துவர், யார் வாயிலும் நடுங்காமல் ஊசி போடுகிற கை என்று ஊரில் கொஞ்சம் பெயருண்டு. ஆனாலும் அந்த ஒரு சுரத்துக்கு மட்டும் இந்தக் கை இன்னும் பழகவில்லை.

அப்பா தோணியில் ‘தண்டல்’. சரக்கேற்றிப் போகும் பாய்மரத் தோணியை நடத்திச் செல்கிறவரைத் தூத்துக்குடியில் அப்படித்தான் சொல்வார்கள். வெங்காயமும் செங்கல்லும் காய்கறியும் ஏற்றிக்கொண்டு மாலத்தீவுக்குப் போவார். வரும்போது மாசிக்கருவாடு வரும். ஒருமுறை கருவாட்டு வாசனையோடு ஒரு ‘டூ இன் ஒன்’னும் வந்தது. ஒரே பெட்டிக்குள் ரேடியோவும் டேப் ரெக்கார்டரும். மாலேயில் அதை விற்ற கடைக்காரர் சும்மா ஒரு கேசட்டும் சேர்த்துக் கொடுத்திருந்தார். அட்டையில், கடலுக்குள் பாதி அமிழ்ந்த ஒரு மணிக்கூண்டின் படம். அப்பா அதைப் பார்த்துவிட்டு, வெள்ளைக்காரர்களின் கோயில் பாட்டு என்று முடிவுகட்டிவிட்டார். அம்மாவும் நம்பினாள். போட்டதும் ஆர்கன்தான் கேட்டது. ஞாயிற்றுக்கிழமைப் பூசையில் நற்கருணை எழுந்தேற்றத்தின்போது கேட்கிற அதே கனத்த, மெதுவான ஆர்கன். அம்மா குசினியில் மீன் கழுவிக்கொண்டே முக்காடு போட்டுக்கொண்டதை நான் கண்ணால் பார்த்தேன். கொஞ்ச நேரம் போனதும் மேளம் விழுந்தது. அம்மா அகப்பையோடு முன்னறைக்கு வந்து நின்றாள்.

“ஏலே ரெக்ஸு, சாமி பாட்டுக்குள்ள எவன்லே தகரத்தத் தட்டுதான்?”

ரெக்ஸ் என் அண்ணன், அப்போது கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தான். அது கோயில் பாட்டே இல்லை என்று கண்டுபிடித்தவன் அவன்தான். கூடப்படித்த ஒருவன் வீட்டில் வெளிநாட்டுப் பத்திரிகைகள் வருமாம். அதில் விவரம் எல்லாம் பார்த்துவிட்டு வந்து சொன்னான். இங்கிலாந்துக்காரர்கள் ஐந்து பேர் சேர்ந்து செய்தது, இதற்கு ‘புராகிரசிவ் ராக்’ என்று பெயர், மூன்று நிமிடத்தில் முடிகிற பாட்டெல்லாம் இவர்களுக்குப் போதாது, இசைத்தட்டில் ஒரு பக்கம் முழுக்க ஒரே பாட்டு, நடுநடுவே வேகமும் தாளமும் மாறி மாறிப் போகும் என்றான். இன்று அந்தத் தொகுப்பைச் செவ்வியல் என்று கொண்டாடுகிறார்கள். நான் பெயரைச் சொல்லப்போவதில்லை. சொன்னால் தெரிந்தவர்கள் சண்டைக்கு வருவார்கள், தெரியாதவர்களுக்கு அதில் ஆகப்போவது ஒன்றுமில்லை.

எங்கள் கேசட்டில் ஒரு குறை இருந்தது. மாலேக் கடையில் யாரோ நீளம் போதாத நாடாவில் பதிந்திருக்கிறார்கள். பாட்டின் நடுவில் வாத்தியங்கள் எல்லாம் அடங்கி, காற்றடிப்பது போன்ற ஓசையும் தூரத்து மணி ஒன்றும் மட்டும் கேட்கும் இடம் ஒன்று உண்டு. அதைத் தாண்டி மேளம் மறுபடி எழுந்து, எல்லாம் கூடிப் பெருகி, இதோ ஏதோ நடக்கப்போகிறது என்று நாங்கள் நிமிரும்போது ‘டக்’ என்று நின்றுவிடும். நாடா தீர்ந்துவிட்டது. மிச்சப் பாட்டு என்ன என்று தூத்துக்குடியில் யாருக்கும் தெரியாது.

மற்றவர்களுக்கு அது சின்ன எரிச்சல். எனக்கோ அது தாங்க முடியாத ஒன்றாக இருந்தது. நான் இயல்பிலேயே பயந்த பிள்ளை. அப்பா தோணியேறிய நாளிலிருந்து திரும்பி வருகிறவரை சாப்பாடு சரியாக இறங்காது. கதவு சாத்துகிற சத்தத்துக்குத் தூக்கிவாரிப் போடும். ‘இவ கடக்கரையில பொறந்திருக்கவே கூடாது’ என்று அம்மா அலுத்துக்கொள்வாள். அந்த ‘டக்’ வரப்போகிற நேரம் எனக்குத் தெரியும். தெரிந்தும், ஒவ்வொரு முறையும் மூச்சைப் பிடித்துக்கொண்டு, இந்த ஒருமுறை மட்டும் நிற்காமல் போய்விடாதா என்று காத்திருப்பேன்.

அந்தப் பாட்டில் பயமே இல்லாமல் குளித்தெழுந்தவர் ஒருவர்தான், சில்வெஸ்டர் சித்தப்பா. அப்பாவின் கடைசித் தம்பி, கல்யாணம் ஆகாதவர், எங்களோடேயே இருந்தார், அப்பாவின் தோணியிலேயே வேலையும் பார்த்தார். இங்கிலீசில் ஒரு சொல் தெரியாது. ஆனால் ரெக்ஸ் மேசையில் விரலால் தட்டித் தட்டி எண்ணியும் பிடிபடாத அந்தக் கோணல் தாளம் அவருக்கு இரண்டாம் முறை கேட்டபோதே பிடிபட்டுவிட்டது. கிணற்றடியில் குளிக்கும்போது வாயை மூடிக்கொண்டு ஆர்கன் வாசிப்பார். மேளம் வருகிற இடத்தில் வாளியைத் தட்டுவார். கடைசியில் சரியாக அந்த இடம் வந்ததும் நாக்கை மேலண்ணத்தில் ஒட்டி எடுத்து ‘டக்’ என்று ஒரு சொடுக்குச் சொடுக்கிவிட்டு, கேட்பவர்கள் சிரித்து முடிப்பதற்குள் முதலிலிருந்து ஆரம்பித்துவிடுவார்.

“பாட்டு அம்புட்டுத்தானா சித்தப்பா?” என்று கேட்டால், “நமக்கு வந்தது அம்புட்டுத்தாம்மா. தீந்துட்டுன்னா திரும்பப் பாட வேண்டியதுதான, அதுல என்ன?” என்பார்.

அந்த வருடம் ஐப்பசியில் அப்பாவும் சித்தப்பாவும் மாலேக்குப் புறப்பட்டார்கள். போய்ச் சேர்ந்ததற்குத் தகவல் வந்தது. அங்கிருந்து கிளம்பிவிட்டதாகவும் தோணிக்கார முதலாளியின் ஆபீசிலிருந்து சொன்னார்கள். அதற்குப் பிறகு மழை பிடித்தது. கரண்ட் போய்விட்டது. ரேடியோவில், துறைமுகத்தில் எச்சரிக்கைக் கூண்டு ஏற்றிய செய்தி வந்தது. நாளாக ஆகக் கூண்டின் எண் கூடிக்கொண்டே போனது. மற்ற ஊர்க்காரர்களுக்கு அது வெறும் எண். எங்கள் தெருவில் அந்த எண்ணைக் கேட்டதும் பெண்கள் அடுப்பை அணைத்துவிட்டு வாசலுக்கு வருவார்கள்.

டூ இன் ஒன்னுக்குள் பேட்டரிக் கட்டைகள் கொஞ்சம்தான் உயிரோடு இருந்தன. கடைகளில் கட்டை தீர்ந்துபோயிருந்தது. செய்தி நேரம் தவிர வேறெதற்கும் பெட்டியைத் தொடக்கூடாது என்று அம்மா சொல்லிவிட்டாள். செய்தி வாசிப்பவர் வானிலைக்கு வரும்வரை நாங்கள் மூவரும் அலமாரிக்கு முன்னால் நின்றுகொண்டே இருப்போம். முடிந்ததும் அம்மா பெட்டியை அணைத்து, கட்டைகளைக் கழற்றிச் சேலை முந்தியில் முடிந்துகொள்வாள். புயல் கரையைக் கடந்துவிட்டது என்று ஒருநாள் காலை சொன்னார்கள். பெருமூச்சு விடவேண்டிய நேரம். ஆனால் எங்களுக்கு உண்மையான பயம் அன்றைக்குத்தான் தொடங்கியது. புயல் இருக்கும்வரை, அதனால்தான் வரவில்லை என்று சொல்லிக்கொள்ளலாம். கடல் அடங்கி வெயில் வந்த பிறகும் வராதவர்களைப் பற்றி என்ன சொல்வது?

மற்றத் தோணிகள் ஒவ்வொன்றாக வந்து சேர்ந்தன. ஒன்றின் தண்டல் எங்கள் வீட்டுக்கே வந்தார். ஈரத் தலையைத் துடைக்காமல் வாசலிலேயே நின்றபடி, “காத்து மாறுன அன்னைக்குச் சாயங்காலம் பாத்தோம் மயினி. எங்களுக்குத் தெக்க நின்னாவ. பாயெல்லாம் எறக்கியாச்சு. பொறவு மழ மறைச்சிட்டு” என்றார். அம்மா அவருக்குக் காப்பி கொடுத்தாள். அவர் போனபின் அந்தக் கோப்பையைக் கழுவினாள், துடைத்தாள், மறுபடியும் கழுவினாள்.

அதன்பிறகு பெண்கள் வரத் தொடங்கினார்கள். சொந்தக்காரர்கள், தெருக்காரர்கள், கோயிலில் கூடச் செபமாலை சொல்கிறவர்கள். நல்ல மனதோடுதான் வந்தார்கள். ஆனால் வந்த விதம் சரியில்லை. செருப்பை ஓசைப்படாமல் கழற்றினார்கள். தரையில் சுவரோரமாக, கால் நீட்டாமல் உட்கார்ந்தார்கள். தாழ்ந்த குரலில் பேசினார்கள். எனக்கு அந்த உட்கார்தல் தெரியும். அதைச் சாவு வீட்டில் பார்த்திருக்கிறேன். எதிர்வீட்டு மிக்கேலம்மா அத்தை என்னை இழுத்து மடியில் வைத்துக்கொண்டு தலையைத் தடவத் தொடங்கினாள். அந்தக் கையைத் தட்டிவிட வேண்டும் போலிருந்தது, முடியவில்லை.

அந்த மதியம் முன்னறை நிறைந்திருந்தது. யாரோ ஒருத்தி மூக்கை உறிஞ்சினாள். அது இன்னொருத்திக்குத் தொற்றியது. இன்னும் ஒரு நிமிடம் போனால் ஒப்பாரி கிளம்பிவிடும் என்பது சின்னப் பிள்ளையான எனக்கே தெரிந்தது. அப்போது குசினி நிலைப்படியில் நின்ற அம்மா முந்தியை அவிழ்த்தாள்.

“ஏலே ரெக்ஸு. அந்தப் பாட்டப் போடு.”

ரெக்ஸ் அசையவில்லை. “கட்டை தீந்துரும்மா.”

“தீரட்டும். போடுலே.”

அவன் கட்டைகளை வாங்கிப் போட்டான். அலமாரிக் கண்ணாடி முனகியது. ஆர்கன் எழுந்தபோது, அதைச் செபப்பாட்டு என்று நினைத்து இரண்டு பேர் சிலுவை போட்டுக்கொண்டார்கள். அம்மா அலமாரி அருகே போய்ச் சத்தத்தை முழுக்கத் திருகிவிட்டாள். மேளம் விழுந்தது. அந்த நெருக்கமான அறைக்குள், கோணல் தாளமும் மின்கிதாரும் யாரோ ஒரு வெள்ளைக்காரனின் கத்தலும் சுவருக்குச் சுவர் மோதின. பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். மிக்கேலம்மா அத்தை என்னை மடியிலிருந்து இறக்கிவிட்டு எழுந்தாள்.

“ஏளா ரோசம்மா, இது என்ன கூத்து? மனுசன் கடல்ல கெடக்கான், நீ இங்கன பாட்டு கேக்க?”

“கடல்லதான கெடக்காவ? கல்லறையில இல்லல்லா” என்றாள் அம்மா. குரலை உயர்த்தவில்லை; ஆனால் பாட்டைத் தாண்டி அது எல்லோருக்கும் கேட்டது. “இது அவுக வாங்கிட்டு வந்த பாட்டு. அவுக வீட்டுல ஓடுது. அழணும்னா அவங்கவங்க வீட்டுல போயி அழுங்க மயினி. இங்கன இன்னும் ஒண்ணும் நடக்கல.”

ஒவ்வொருவராக எழுந்து போனார்கள். சிலர் கோபமாக, சிலர் அம்மாவுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்ற இரக்கத்தோடு. பாட்டின் நடுவிலிருந்த அந்தக் காற்றோசையும் மணியும் வந்தபோது அறையில் நாங்கள் மூவர் மட்டும் இருந்தோம். அம்மா தரையில் உட்கார்ந்தாள். நான் அவள் முதுகில் சாய்ந்துகொண்டேன். அந்த முதுகு நடுங்கிக்கொண்டிருந்தது. இத்தனை பேரையும் விரட்டியவள் என்னைவிட அதிகமாகப் பயந்திருக்கிறாள் என்று எனக்குப் புரிந்தது, அந்த முதுகினால்தான். பாட்டு எழுந்து, பெருகி, ‘டக்’ என்று நின்றது. வெளியே வடிகாலில் தண்ணீர் ஓடுவது கேட்டது.

அதற்குப் பிறகு சில நாள் யாருமே எங்கள் வீட்டுக்கு வரவில்லை. பிறகு வந்தவர் தோணி ஆபீஸ் கணக்கப்பிள்ளை அண்ணாச்சி. சைக்கிளை நிறுத்தக்கூட இல்லை, காலை ஊன்றியபடியே, “கொச்சியில இருந்து தந்தி வந்துருக்கும்மா. சரக்குக் கப்பல் ஒண்ணு நம்ம ஆளுகளத் தூக்கிருக்கு. தண்டல் இருக்காவ” என்றார். அம்மா நிலையைப் பிடித்துக்கொண்டாள். பிறகுதான் கேட்டாள், “கொழுந்தன்?” அண்ணாச்சி சைக்கிள் மணியின் மேல் விரலை வைத்துக்கொண்டு அதையே பார்த்தார்.

அப்பா கொச்சியிலிருந்து யாரோ கொடுத்த சட்டையில் வந்து இறங்கினார். உப்பு தின்ற தோல் உரிந்திருந்தது. சில விரல்களில் நகமில்லை. சித்தப்பாவுக்காகக் கோயிலில் உடலில்லாப் பூசை வைத்தார்கள். அப்போதும் அப்பா பேசவில்லை. சாப்பிட்டார், தூங்கினார், கிணற்றடியைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். நான் அவர் வேட்டி நுனியைப் பிடித்துக்கொண்டு பக்கத்திலேயே இருப்பேன். வந்துவிட்டார்தான், ஆனாலும் முழுக்க வந்து சேரவில்லை என்ற பயம் எனக்கு.

ரெக்ஸ்தான் ஒருநாள் சாயங்காலம், அவருக்குக் கொஞ்சம் தெம்பாக இருக்கட்டும் என்று நினைத்து, கேசட்டைப் போட்டான். கரண்ட் வந்திருந்தது. அப்பா ஆர்கனைக் கேட்டுக்கொண்டு அசையாமல் இருந்தார். மேளத்தையும் தாங்கிக்கொண்டார். காற்றும் மணியும் வந்த இடத்தில் கையைத் தூக்கினார்.

“நிப்பாட்டுலே.”

கோபமில்லை. ரெக்ஸ் பதறிப்போய் நிறுத்தினான். அப்பா பேசத் தொடங்கினார்.

“பாய்மரம் ஒடிஞ்சு தோணி சிதறுன பொறவு ஆளுக்கொரு பலகையப் புடிச்சுக்கெடந்தோம். அல ஒசரத்துல ஒருத்தன ஒருத்தன் காங்க முடியல. இவன் மட்டும் இந்தப் பாட்டப் படிச்சிக்கிட்டே கெடந்தான். எல்லாரும் இங்கனதான் கெடக்கோம்னு தெரியணும்லா, அதுக்கு. டக்குன்னு முடிப்பான். மறுபடி ஆரம்பிப்பான். வெயில் ஏறிட்டு. தொண்ட போயிட்டு. அப்பயும் படிச்சான்.” அப்பா தன் நகமில்லாத விரல்களைப் பார்த்தார். “ஒரு தடவ டக்குன்னான். நானும் ஆரம்பிப்பான் ஆரம்பிப்பான்னு பாத்தேன்.”

அம்மா கேசட்டை எடுத்து ஒரு லேஞ்சித் துணியில் சுற்றி, அலமாரியின் அடித்தட்டில் வைத்தாள். எங்கள் வீட்டில் அது அதன்பிறகு ஓடவில்லை. அப்பா மறுபடி தோணியேறவில்லை. மாப்பிள்ளையூரணிப் பக்கம் ஒரு உப்பளத்தில் மேற்பார்வை வேலைக்குப் போனார். கடலிலிருந்து தண்ணீரை வாங்கி வெயிலில் வற்றவைக்கிற வேலை அவருக்கு என்னவோ ஒத்துப்போயிற்று. ரெக்ஸ் வளைகுடா நாட்டுக்குப் போனான். நான் படிக்கப் போன இடத்தில், விடுதியில் யாராவது இங்கிலீஷ் பாட்டுப் போட்டால் முதலில் ஆர்கன் இருக்கிறதா என்று கவனிப்பேன். இருந்தால் எழுந்து வெளியே போய்விடுவேன். தோழிகள் என்னைத் திமிர் பிடித்தவள் என்று நினைத்தார்கள்.

சென்ற வருடம் என் மகன் ஆல்வின் கப்பல் படிப்பை முடித்தான். அவன் அந்தப் படிப்பைத் தேர்ந்தெடுத்தபோதே நான் செய்யவேண்டிய மறியலையெல்லாம் செய்து தோற்றிருந்தேன். பயிற்சி அதிகாரியாக ஒரு சரக்குக் கப்பலில் சேர உத்தரவு வந்து, பெட்டி கட்டிக்கொண்டிருந்தான். நான் குளியலறையில் அவன் சட்டைகளை அலசிக்கொண்டிருந்தேன். அவன் அறையிலிருந்து, அவனுடைய புது ஸ்பீக்கரில், அந்தச் சுரம் வந்தது.

ஈரக்கையோடு போய்க் கதவருகே நின்றேன். நிறுத்து என்று சொல்ல வாய் வரவில்லை. நான் வீட்டில் ஒருபோதும் சொல்லாத பாட்டு அது. அவனாக எங்கோ கண்டுபிடித்திருக்கிறான், போனுக்குள் எல்லாப் பாட்டும் கிடைக்கிற காலம். பதிவு அவ்வளவு தெளிவாக இருந்தது. எங்கள் நாடாவில் நான் காற்று என்று நினைத்திருந்தது நிஜமாகவே கடல் அலை என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. மேளம் எழுந்தது. எல்லாம் கூடிப் பெருகியது. அந்த இடம் நெருங்க நெருங்க நான் நிலைக்கட்டையைப் பிடித்துக்கொண்டேன். மூச்சை அடக்கினேன்.

நிற்கவில்லை. பாட்டு அந்த இடத்தைக் கண்டுகொள்ளாமல் கடந்து போயிற்று.

அதன்பிறகு வந்தது எனக்கு முற்றிலும் புதியது. இத்தனை வருடம் அங்கே ஏதோ பெரிதாக இடிந்து விழும் என்று நினைத்திருந்தேன். அப்படி ஒன்றுமில்லை. வாத்தியங்கள் ஒவ்வொன்றாக விலகி, ஒரு கிதாரும் ஒரு குரலும் மட்டும் முதலில் வந்த அதே மெட்டை மெதுவாகப் பாடி முடித்தன. அவ்வளவுதான். தாலாட்டு மாதிரி, சாதுவான முடிவு. ஆறுதலாக இருந்ததா என்றால், இல்லை. சித்தப்பாவுக்கு இது தெரியாமலே போய்விட்டதே என்றுதான் நினைத்தேன்.

ஆல்வின் திரும்பிப் பார்த்தான். “என்னம்மா, ஏன் அழுத?”

கட்டிலில் துணிகளைத் தள்ளிவிட்டு உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். தோணி, கட்டைகள், அம்மா விரட்டியது, பலகை, சித்தப்பாவின் தொண்டை. கடைசியில், “நான் போறதுல ஒனக்குப் பயமாம்மா?” என்றான்.

“பயந்தான். பத்து வயசுல இருந்தே பயந்தான். நீ போயிட்டு வா.”

அவன் போய்ச் சில மாதங்களாகின்றன. பாய்மரத் தோணிகள் இப்போது இல்லை. இருக்கிற கொஞ்சத் தோணிகளும் இன்ஜினில் ஓடுகின்றன. தண்டல் என்ற சொல்லுக்கு என் மருத்துவமனை வரவேற்பில் இருக்கிற பெண் அர்த்தம் கேட்கிறாள். கூண்டு ஏற்றிய செய்தியைக் கேட்க ரேடியோ முன்னால் நிற்பார் யாருமில்லை. எங்கள் பழைய தெருவில் வெள்ளம் புகுந்த வருடத்தில் அலமாரியும் கேசட்டும் சேறாகிப் போயின. அப்பாவும் அம்மாவும் அதற்கு முன்பே போய்விட்டார்கள். அவர்கள் பட்ட காத்திருப்பு மட்டும் வேறு வடிவத்தில் என்னிடம் வந்திருக்கிறது. போனில் ஒரு செயலி. ஆல்வினின் கப்பல் அதில் சின்னப் பச்சை முக்கோணமாக நகரும். கரையிலிருந்து ரொம்ப தூரம் போய்விட்டால் அது காணாமல் போய்விடும். கடைசியாகத் தெரிந்த இடம் மட்டும் சாம்பல் நிறத்தில் நிற்கும். அது சாதாரணம், பயப்பட வேண்டியதில்லை என்று ஆல்வின் பலமுறை விளக்கியிருக்கிறான்.

இன்று காலையிலும் சாம்பல்தான். நோயாளிகள் வெளியே காத்திருந்தார்கள். நான் கையுறையைக் கழற்றிவிட்டு ரெக்ஸுக்குப் போன் செய்தேன். அவன் வளைகுடாவில் வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தான். அவனும் அதே செயலியை வைத்திருக்கிறான் என்பது எனக்குத் தெரியும்; என்னிடம் ஒருபோதும் சொன்னதில்லை.

“தெரியுதாண்ணே?”

அவன் திரையைத் தள்ளித் தள்ளிப் பார்த்திருப்பான்.

“இல்லட்டீ. எனக்கும் தெரியல.”

“சரி, வைக்கட்டா?”

“வைக்காண்டாம்” என்றான் ரெக்ஸ். “லைன்லயே இரு.”

அவன் பக்கம் ஏசி ஓடுகிற சத்தம் கேட்டது. என் பக்கம் தெருவில் போகிற ஆட்டோவின் சத்தம் அவனுக்குக் கேட்டிருக்கும். நாங்கள் போனை வைக்காமல் அப்படியே இருந்தோம்.